நுரைக்குள் என்ன இருக்கிறது? பிள்ளைகளோடு வீட்டில் செய்யும் நுரைச் சோதனைகள்

எதையும் வாங்குவதற்கு முன்னால் ஒரு டம்ளரையும் டபராவையும் பிள்ளை கையில் கொடுங்கள். முதலில் வெறும் தண்ணீரை ஊற்றி, காபி ஆற்றுகிற மாதிரி நாலைந்து தடவை தூக்கி ஆற்றச் சொல்லுங்கள். குமிழ் வரும், டம்ளரைக் கீழே வைப்பதற்குள் போய்விடும். அப்புறம் ஆறிய பாலை அதே உயரத்தில் அதே அளவு தடவை ஆற்றச் சொல்லுங்கள். இப்போது மேலே நுரை கட்டி நிற்கும், விரலால் வழித்து எடுக்கலாம். இரண்டிலும் உள்ளே போனது ஒரே காற்றுதான். பாலில் இருக்கிற புரதம் ஒவ்வொரு குமிழையும் சுற்றித் தோல் மாதிரி பிடித்துக்கொள்கிறது, தண்ணீரில் அப்படிப் பிடித்துக்கொள்ள ஒன்றும் இல்லை.

நுரைக்கு வேண்டியது இந்த இரண்டுதான்: ஒரு வாயு, அதைப் பிடித்து வைக்க ஒரு தோல். கீழே வருகிற எல்லாச் சோதனைகளிலும் இந்த இரண்டில் ஒன்றைத்தான் மாற்றிக்கொண்டே போகப் போகிறோம். கோடை விடுமுறையில் அக்கா பிள்ளைகளும் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளுமாக ஐந்தாறு பேர் எங்கள் மொட்டை மாடியில் சேர்வார்கள், அவர்களோடு செய்து செய்து எனக்குப் பிடிபட்டவற்றை எழுதுகிறேன். நுரை பொங்கி வழிவதைப் பார்த்துக் கைதட்டிவிட்டு அடுத்ததற்குப் போனால் அது மத்தாப்பு பார்ப்பதோடு சரி. அந்த நுரை சூடா குளிர்ச்சியா, உள்ளே இருக்கிற வாயு நெருப்பை அணைக்குமா வளர்க்குமா, எவ்வளவு நேரம் நிற்கும் என்று பிள்ளையே கேட்டுச் சோதித்துப் பார்க்க வேண்டும், அதற்காகத்தான் இத்தனையும்.

வாங்க வேண்டியவை

மளிகைக் கடையில் ஆப்பச் சோடா என்று கேட்டால் தருவார்கள். பாக்கெட்டில் சமையல் சோடா, பேக்கிங் சோடா என்று போட்டிருக்கும், எல்லாமே சோடியம் பைகார்பனேட்தான். பேக்கிங் பவுடர் வேறு, அதில் சோடாவோடு தூளான அமிலமும் மாவும் கலந்திருக்கும், தண்ணீர் பட்டாலே நுரைக்கும். சலவைச் சோடா கண்டிப்பாக வேண்டாம், அதில் காரம் அதிகம், கண்ணில் பட்டால் பாதிப்பு பெரிது. மூன்றும் வெள்ளைத் தூள் என்பதால் டப்பா மாறிவிட வாய்ப்பு இருக்கிறது, பெயர் எழுதி ஒட்டி வையுங்கள்.

வெள்ளை வினிகர் ஒரு பாட்டில், எலுமிச்சை நாலைந்து, கொஞ்சம் புளி. பாத்திரம் கழுவும் லிக்விட் சிறிய பாட்டில். சோப்புக் கட்டியைக் கரைத்து வைத்துக்கொண்டால் போதாதா என்று பலர் கேட்பார்கள், போதாது. அமிலம் பட்டதும் கட்டிச் சோப்பு பால் திரிகிற மாதிரி திரிந்து வெள்ளை வெள்ளையாக மிதக்கும், நுரையும் நிற்காது. லிக்விடில் இருப்பது வேறு வகைச் சோப்புப் பொருள், அது அமிலத்தைத் தாங்கும்.

நாட்டு மருந்துக் கடையில் படிகாரம் 50 கிராம், பூந்திக்கொட்டை 100 கிராம். படிகாரத்தை அங்கேயே தூளாக்கித் தரச் சொல்லுங்கள், இல்லையென்றால் கட்டியை ஒரு துணியில் சுற்றித் தட்டிக்கொள்ளலாம். மருந்துக் கடையில் ஹைட்ரஜன் பெராக்சைடு ஒரு பாட்டில், ஊசி இல்லாத 10 மில்லி சிரிஞ்சு இரண்டு. சிரிஞ்சு கையில் இருந்தால் பிள்ளைகள் குத்துமதிப்பாக ஊற்றுவதை அவர்களாகவே விட்டுவிடுகிறார்கள், 'எத்தனை மில்லி' என்று கேட்க ஆரம்பிக்கிறார்கள், நான் பார்த்ததில் பெரிய மாற்றம் இதுதான். ஈஸ்ட் சூப்பர் மார்க்கெட்டில் சிறிய பாக்கெட்டாகக் கிடைக்கும். ஹார்டுவேர் கடையில் பிளாஸ்டிக் பாதுகாப்புக் கண்ணாடி தலைக்கு ஒன்று, இதில் மட்டும் கஞ்சத்தனம் வேண்டாம்.

இடம் மொட்டை மாடி, கொல்லைப்புறம் அல்லது குளியலறை. பாத்திரத்துக்கு அடியில் எவர்சில்வர் தட்டோ பிளாஸ்டிக் டிரேயோ வையுங்கள், பித்தளைத் தாம்பாளம் வேண்டாம், வினிகர் பட்டால் அதன் நிறம் கெடும். பழைய சட்டை, பின்னிய முடி, பக்கத்தில் ஒரு வாளி நல்ல தண்ணீர், அவ்வளவுதான்.

ஒரு விதியை மட்டும் முதல் நாளே மனப்பாடம் செய்ய வைத்துவிடுங்கள்: நுரைக்கிற எந்தப் பாட்டிலையும் மூடக் கூடாது. ஒருமுறை நான் திரும்பிப் பார்ப்பதற்குள் ஒரு பையன் சோடாவும் வினிகரும் போட்ட பாட்டிலை விளையாட்டாக மூடித் திருகிவிட்டான். பாட்டில் கல் மாதிரி இறுகிவிட்டது. அதைக் கையில் எடுக்காமல் எல்லாரையும் படிக்கட்டுக்குள் இறக்கிவிட்டுக் காத்திருந்தோம், மூடி பிய்த்துக்கொண்டு போய் எதிர்ச் சுவரில் அடித்த சத்தம் கீழ்வீடு வரை கேட்டது. அந்த இடத்தில் ஒரு முகம் இருந்திருந்தால் என்று நினைக்க இன்றைக்கும் எனக்குப் பதறுகிறது.

முதல் சோதனை: ஒரே சோடா, இரண்டு டம்ளர்

ஒரே அளவுள்ள கண்ணாடி டம்ளர் இரண்டு. ஒவ்வொன்றிலும் தலைதட்டிய ஒரு டீஸ்பூன் ஆப்பச் சோடாவும் மூன்று டீஸ்பூன் தண்ணீரும் போட்டுக் கலக்குங்கள். ஒன்றில் மட்டும் அரை டீஸ்பூன் லிக்விட் சேர்த்து, நுரை எழாமல் மெதுவாகக் கலக்குங்கள். இரண்டு பிள்ளைகள் கையில் ஆளுக்கு 50 மில்லி வினிகர் கொடுத்து ஒரே நேரத்தில் ஊற்றச் சொல்லுங்கள்.

சோப்பு இல்லாத டம்ளர் சீறும். குமிழ்கள் விரைந்து ஏறி உடையும், கையை மேலே காட்டினால் உள்ளங்கையில் பொடிப்பொடியாகச் சாரல் அடிக்கும், கொஞ்ச நேரத்தில் ஓய்ந்துவிடும். சோப்பு போட்ட டம்ளரில் சீறல் சத்தம் குறைவு, நுரை மட்டும் விறுவிறுவென்று ஏறி விளிம்பைத் தாண்டி வழியும். இரண்டிலும் சோடாவும் ஒன்று, அமிலமும் ஒன்று, வந்த கரியமில வாயுவும் ஏறக்குறைய ஒரே அளவு. தோல் இருந்த இடத்தில் வாயு மாட்டிக்கொண்டது, இல்லாத இடத்தில் தப்பிவிட்டது. இதை நீங்கள் சொல்லாதீர்கள், பால் ஆற்றியதை ஞாபகப்படுத்தினாலே பிள்ளை சொல்லிவிடும்.

இப்போது டம்ளரின் வெளிப்பக்கத்தைத் தொடச் சொல்லுங்கள். ஜில்லென்று இருக்கும். நெருப்பு மலை என்று பெயர் வைத்துச் செய்கிற சோதனையில் உண்மையில் சூடே இல்லை, இந்த வினை நடக்கும்போது சுற்றியிருக்கிற வெப்பத்தை உள்ளே இழுத்துக்கொள்கிறது. பிள்ளைகள் நம்பவே மாட்டார்கள், நாலு தடவை தொட்டுப் பார்ப்பார்கள். நோட்டில் 'ஜில்' என்று எழுதி வைக்கச் சொல்லுங்கள், பின்னால் தேவைப்படும்.

பெரிய பிள்ளையாக இருந்தால் ஒரு கணக்கும் சேர்த்துக்கொள்ளலாம். ஒரு டீஸ்பூன் சோடா ஏறக்குறைய 5 கிராம். அது முழுவதும் வினைபுரிந்தால் கிட்டத்தட்ட ஒன்றரை லிட்டர் கரியமில வாயு கிடைக்கும், அதற்கு 4 சதவீத வினிகர் 90 மில்லி வேண்டும். நாம் ஊற்றியது 50 மில்லிதான். அதனால் ஓய்ந்துபோன டம்ளரில் மறுபடி வினிகர் ஊற்றினால் மறுபடி சீறும், இன்னும் ஊற்றினால் இன்னும் கொஞ்சம், ஒரு கட்டத்தில் எவ்வளவு ஊற்றினாலும் சும்மா இருக்கும். சிரிஞ்சால் அளந்து ஊற்றி, எந்த மில்லியில் அடங்கியது என்று பிள்ளையே கண்டுபிடிக்கட்டும். அப்போது எது முதலில் தீர்ந்தது, சோடாவா வினிகரா? இந்தக் கேள்விக்கு ஒரு மத்தியானமே செலவழியும், செலவழிந்தால் நல்லதுதான்.

இதற்கப்புறம் ஒரு தடவைக்கு ஒன்றை மட்டும் மாற்றுங்கள். லிக்விட் கூட்டினால் என்ன ஆகிறது, தண்ணீரைச் சூடாக்கினால் என்ன ஆகிறது, குறுகிய வாய் பாட்டிலில் செய்தால் என்ன ஆகிறது. டம்ளரில் ஒரு ரப்பர் பேண்டை மாட்டி நுரை ஏறிய உயரத்தில் நிறுத்திவிட்டால் ஸ்கேலால் அளந்துகொள்ளலாம். இரண்டை ஒரே நேரத்தில் மாற்றிவிட்டுப் பிள்ளை குழம்பினால் குழம்பட்டும், அடுத்த தடவை தானே ஒன்றொன்றாக மாற்றும்.

அமிலத்தை மாற்றுவது

வினிகருக்குப் பதிலாக எலுமிச்சை. பழத்தைப் பாதியாக நறுக்கி, சதையைக் கரண்டிக் காம்பால் குத்திச் சாறு ஊற வைத்து, மேலே ரெண்டு சொட்டு லிக்விட், அதன்மேல் அரை டீஸ்பூன் சோடா. குச்சியால் கிளறக் கிளற பழத்துக்குள்ளிருந்தே நுரை பொங்கும். நாலு வயதுப் பிள்ளைக்கு இதுதான் சரியான சோதனை, கையில் பட்டாலும் எரிச்சல்தான், வேறு பயம் இல்லை. ஆனால் அதே கையால் கண்ணைக் கசக்கும், அதைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

கெட்டியான புளிக்கரைசலில் சோடா போட்டால் பழுப்பு நுரை வரும், புளித்த மோரிலும் வரும், ஆனால் சோம்பலாக. எது சீக்கிரம் பொங்குகிறது என்று வரிசைப்படுத்தச் சொன்னால், எது அதிகம் புளிக்கிறது என்ற வரிசையும் பக்கத்திலேயே வந்து நிற்கும். சமையலறையில் ருசி பார்த்து ஒரு வரிசை, மாடியில் நுரை பார்த்து ஒரு வரிசை. மாடியில் கலந்த எதையும் வாயில் வைக்கக் கூடாது, அது தனி விதி.

சங்குப்பூ கிடைத்தால் விடாதீர்கள். பத்துப் பூவை வெந்நீரில் போட்டு ஆற வைத்தால் நல்ல நீலத் தண்ணீர் வரும். அதில் சோடாவைக் கரைத்தால் நீலம் பச்சைப் பக்கம் சாயும். லிக்விட் விட்டு, எலுமிச்சைச் சாற்றை மெதுவாக ஊற்றிக்கொண்டே வந்தால் நுரை பொங்கப் பொங்க அடியில் இருக்கிற தண்ணீர் நீலம் திரும்பி, ஊதாவாகி, இளஞ்சிவப்பு வரை போகும். காரம் தீர்ந்து அமிலம் மிஞ்சுகிற நேரத்தைக் கண்ணாலேயே பார்த்துவிடலாம். மேலே சொன்ன 'எது முதலில் தீர்ந்தது' கேள்விக்கு இதைவிட அழகான பதில் எனக்குத் தெரியாது.

வாயு என்ன வாயு என்று பார்க்க ஒரு கிண்ணம் போதும். அகலமான கண்ணாடிக் கிண்ணத்தின் நடுவில் குட்டை மெழுகுவர்த்தியை நிறுத்தி, சுற்றிலும் இரண்டு டீஸ்பூன் சோடாவைத் தூவி, பெரியவர் யாராவது மெழுகுவர்த்தியை ஏற்றிவிட்டு, ஓரமாக வினிகர் ஊற்றுங்கள். இதில் சோப்பு வேண்டாம். கிண்ணத்தின் விளிம்பு சுடரைவிட உயரமாக இருக்க வேண்டும். கரியமில வாயு காற்றைவிடக் கனம், கிண்ணத்துக்குள் தண்ணீர் மாதிரி தேங்கும், சுடர் தலை குனிந்து அணையும். யாரும் ஊதவில்லை.

படிகார நுரை

எனக்கு இவை எல்லாவற்றிலும் பிடித்தது இதுதான், ஆனால் யாரும் அதிகம் செய்வதில்லை. இதற்குப் பின்னால் ஒரு கதையும் இருக்கிறது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அலெக்சாந்தர் லோரன் என்று ஒரு பொறியாளர், காஸ்பியன் கடலோரத்து எண்ணெய் நகரமான பாக்குவில் ஆசிரியராக வேலை பார்த்தார். எண்ணெய் தீப்பிடித்தால் தண்ணீர் ஊற்றி அணைக்க முடியாது, எண்ணெய் தண்ணீருக்கு மேலே மிதந்து எரிந்துகொண்டே இருக்கும். அந்தத் தீயை அணைக்க எண்ணெயின் மேலேயே போர்வை மாதிரி படுத்துக்கொள்கிற நுரை வேண்டும் என்று யோசித்து, சோதித்துப் பார்த்து, 1904இல் காப்புரிமை வாங்கினார். அந்த வகைத் தீயணைப்பு நுரையில் பொதுவாகச் சேர்த்தவை சோடியம் பைகார்பனேட், அலுமினியம் சல்பேட், நுரை உடையாமல் இருக்க சப்போனின் அல்லது அதிமதுரம். சப்போனின் பூந்திக்கொட்டையில் இருப்பது, படிகாரத்தில் இருப்பதும் அலுமினிய சல்பேட்தான், பொட்டாசியத்தோடு சேர்ந்து. ஆகவே அந்த நுரைக்கு ரொம்பப் பக்கத்தில் இருக்கிற ஒன்றை ஆப்பச் சோடாவும் நாட்டு மருந்துக் கடைச் சரக்குமாக நாம் வீட்டிலேயே செய்துவிடலாம்.

முதல் நாள் ராத்திரி எட்டுப் பத்துப் பூந்திக்கொட்டையைக் கொட்டை நீக்கி, தோலை மட்டும் ஒரு டம்ளர் தண்ணீரில் ஊறப் போடுங்கள். காலையில் நன்றாகப் பிசைந்து வடிகட்டினால் தேன் நிறத்தில் வழுவழுப்பான தண்ணீர் கிடைக்கும். பட்டுப்புடவை அலசவும் நகை தேய்க்கவும் வைத்துக்கொள்கிற அதே தண்ணீர். கண்ணில் பட்டால் கடுமையாக எரியும், கண்ணாடி போட்டுக்கொண்டுதான் பிசைய வேண்டும்.

அதில் 100 மில்லி எடுத்து அரை லிட்டர் கொள்ளுகிற உயரமான ஜாடியில் ஊற்றி, ஒரு டீஸ்பூன் ஆப்பச் சோடாவைக் கரையுங்கள். தனியாக இன்னொரு டம்ளரில் 100 மில்லி வெதுவெதுப்பான தண்ணீரில் இரண்டு டீஸ்பூன் படிகாரத் தூள், கட்டி இல்லாமல் கரைகிற வரைக்கும் பொறுமையாகக் கலக்க வேண்டும். இந்த இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கு முக்கியம், அப்போதுதான் இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றாகத் தீரும். ஜாடியைத் தட்டில் வைத்துவிட்டுப் படிகாரத் தண்ணீரை ஒரே ஊற்றாக ஊற்றுங்கள்.

வினிகர் நுரை மாதிரி இது தாவிக் குதிக்காது. அடியிலிருந்து வெள்ளையாகக் கனத்து, ஜாடி முழுவதும் ஒரே சீராக எழும்பி, விளிம்புக்கு வந்ததும் ஒரு கணம் குவிந்து நின்றுவிட்டுத்தான் வழியும். குமிழ்கள் பொடியாக இருக்கும். கரண்டியில் அள்ளிக் கவிழ்த்தால் உடனே விழாது. பக்கத்தில் ஒரு வினிகர் நுரையும் வைத்து, எது எத்தனை நிமிஷம் நிற்கிறது என்று கடிகாரத்தைப் பார்த்து எழுதச் சொல்லுங்கள். காரணம் தோலில்தான் இருக்கிறது. படிகாரமும் சோடாவும் சேரும்போது கரியமில வாயு மட்டும் வரவில்லை, அலுமினியம் ஹைட்ராக்சைடு என்று கூழ் மாதிரி ஒரு பொருளும் உண்டாகிறது, அது ஒவ்வொரு குமிழின் சுவரிலும் பூச்சு மாதிரி ஒட்டிக்கொண்டு சுவரைக் கெட்டியாக்குகிறது. பூந்திக்கொட்டை கட்டிய சுவருக்குப் படிகாரம் பூசின மாதிரி.

இந்த நுரையில் ஒரு கரண்டி எடுத்து எரிகிற குட்டை மெழுகுவர்த்தியின் மேல் போடுங்கள், பெரியவர் கையால். அணைந்துவிடும். எண்ணெய் விளக்கிலோ அடுப்பிலோ இதைச் சோதிக்க வேண்டாம், வீட்டுத் தீக்கு இது மருந்தும் இல்லை, இது ஒரு மெழுகுவர்த்தி அளவுக்குத்தான். பூந்திக்கொட்டை கிடைக்காவிட்டால் தண்ணீரில் ஒரு டீஸ்பூன் லிக்விட் சேர்த்தும் செய்யலாம், ஆனால் இரண்டையும் செய்து ஒப்பிட்டுப் பார்த்தால் இன்னும் நல்லது.

யானைப் பற்பசை

பாட்டில் வாயிலிருந்து பற்பசை பிதுங்குகிற மாதிரி நுரை வருகிற சோதனை. பிள்ளைகள் முதலில் கேட்பது இதைத்தான், நான் கடைசியில்தான் செய்வேன். இதுவரை கை பழகியிருக்கும், கண்ணாடி போடும் பழக்கமும் வந்திருக்கும். பத்து வயதுக்கு மேற்பட்ட பிள்ளைகள் பக்கத்தில் நின்று பார்க்கலாம், ஈஸ்ட் கரைக்கலாம், கடைசியாக ஊற்றலாம். பெராக்சைடு பாட்டிலைத் தொடுவது பெரியவர் மட்டும்தான்.

1818இல் லூயி ஜாக் தெனார் என்ற பிரெஞ்சு வேதியியலாளர் கண்டுபிடித்த பொருள் ஹைட்ரஜன் பெராக்சைடு. தண்ணீரில் ஓர் ஆக்சிஜன் அணு கூடுதலாக ஒட்டிக்கொண்ட மாதிரி, எப்போது உதறலாம் என்று காத்திருக்கும். மருந்துக் கடை பாட்டிலில் 20 வால்யூம் என்றோ 6 சதவீதம் என்றோ இருக்கும், இரண்டும் ஒன்றுதான். 20 வால்யூம் என்றால் ஒரு மில்லி கரைசல் உடையும்போது 20 மில்லி ஆக்சிஜன் தரும் என்று அர்த்தம். 50 மில்லி ஊற்றினால் எவ்வளவு என்று பிள்ளையைக் கேளுங்கள். ஒரு லிட்டர்! அரை லிட்டர் பாட்டிலில் அது அடங்காது, அதனால்தான் வெளியே வருகிறது. காணொளிகளில் கூரையைத் தொடுகிற நுரை காட்டுவார்கள், அதற்கு 30 சதவீதமும் அதற்கு மேலும் உள்ள பெராக்சைடு பயன்படுத்துகிறார்கள், அது தோலைப் பொசுக்கிவிடும். அது வீட்டுக்குள் வரவே கூடாது. அழகு நிலையத்தில் கிடைக்கிற கிரீம் வகையும் இதற்கு ஆகாது.

வரிசை மாறாமல் செய்யுங்கள்:

1. ஒரு டீஸ்பூன் ஈஸ்டை மூன்று டேபிள்ஸ்பூன் வெதுவெதுப்பான தண்ணீரில் கரைத்துப் பத்து நிமிஷம் வையுங்கள். விரல் பொறுக்கும் சூடுதான் இருக்க வேண்டும், கொதிநீரில் போட்டால் ஈஸ்ட் செத்துவிடும், நுரையும் வராது.

2. அரை லிட்டர் குறுகிய வாய் பிளாஸ்டிக் பாட்டிலைத் தட்டின் நடுவில் நிறுத்துங்கள். கையுறை, கண்ணாடி போட்ட பெரியவர் புனல் வைத்து 50 மில்லி பெராக்சைடும் 50 மில்லி தண்ணீரும் ஊற்ற வேண்டும். இப்போது அது 3 சதவீதம்.

3. ஒரு டேபிள்ஸ்பூன் லிக்விட் ஊற்றி, பாட்டிலை மெதுவாகச் சுழற்றுங்கள். கோடு கோடாக வர வேண்டுமென்றால் கேசரிக் கலரைக் கரைத்துப் பாட்டிலின் உள் விளிம்பில் மூன்று நாலு இடத்தில் வழிய விடுங்கள்.

4. ஈஸ்ட் தண்ணீரைப் புனல் வழியாக ஒரே தடவையில் ஊற்றி, புனலை எடுத்துவிட்டு ஒரு கை தூரம் பின்வாங்குங்கள்.

முதலில் ஒன்றும் நடக்காதது மாதிரி இருக்கும். பிறகு பாட்டிலின் தோள்வரை நுரை ஏறி, கழுத்தில் நெருங்கி, வாய் வழியாகத் தடித்த கயிறு மாதிரி வெளியே வந்து வளைந்து விழும். குறுகிய வாய் இருப்பதால்தான் அந்தக் கயிறு வடிவம், அகல டம்ளரில் செய்தால் தயிர் வடை மேல் தயிர் மாதிரி பரவிக் கிடக்கும். ஓய்ந்ததும் கையுறையைக் கழற்றாமலே பாட்டிலின் வெளிப்பக்கத்தைத் தொட்டுப் பாருங்கள். வெதுவெதுப்பு. நோட்டில் 'ஜில்' என்று எழுதியதற்குப் பக்கத்தில் 'சூடு' என்று எழுதச் சொல்லுங்கள். பார்க்க இரண்டும் வெள்ளை நுரைதான், ஒன்று வெப்பத்தை எடுத்துக்கொண்டது, இன்னொன்று கொடுத்தது. பெராக்சைடை நீர்க்காமல் அப்படியே ஊற்ற வேண்டாம் என்று சொல்வதும் இதனால்தான், சூடு நன்றாகவே ஏறிவிடும்.

ஈஸ்ட் என்ன செய்தது? ஈஸ்ட் செல்லுக்குள் கேட்டலேஸ் என்று ஒரு நொதி இருக்கிறது. பெராக்சைடு தானாக உடைய மாதக்கணக்கில் ஆகும், கேட்டலேஸின் ஒரு மூலக்கூறு நொடிக்குப் பல லட்சம் பெராக்சைடு மூலக்கூறுகளை உடைக்கும், தான் மட்டும் தீராமல் அப்படியே இருக்கும். நம் ரத்தத்திலும் ஈரலிலும் இது உண்டு, புண்ணில் பெராக்சைடு ஊற்றினால் நுரைப்பது இதனால்தான். நம்பாத பிள்ளைக்கு ஒரு துண்டு பச்சை உருளைக்கிழங்கைப் போட்டுக் காட்டுங்கள், வேகவைத்த துண்டையும் போட்டுக் காட்டுங்கள். பச்சைத் துண்டு நுரைக்கும், வெந்தது சும்மா கிடக்கும்.

அடுத்து ஊதுபத்தி. சோப்பு நுரைக்குள் கனலும் பத்தியைச் செருகினால் ஈரத்தில் அணைந்துவிடும், அதனால் இதைச் சோப்பு இல்லாமல் தனியாகச் செய்யுங்கள். சிறிய கண்ணாடி பாட்டிலில் முன்பு மாதிரியே சரிபாதி தண்ணீர் கலந்த பெராக்சைடு 20 மில்லி, ஒரு சிட்டிகை ஈஸ்ட். பொங்கல் கொஞ்சம் அடங்கியதும் பெரியவர் ஒருவர் கனலும் ஊதுபத்தியை, திரவத்தில் படாமல், பாட்டிலுக்குள் இறக்க வேண்டும். நுனி பளிச்சென்று வெளுத்துக் கனலும், சில நேரம் சுடரே பிடிக்கும். வினிகர் கிண்ணத்தில் அணைந்த அதே நெருப்பு. இந்த இடத்தில் எங்கள் மாடியில் எப்போதும் ஒரு நிமிஷம் சத்தமே இருக்காது, அதற்கப்புறம் எல்லாரும் ஒரே நேரத்தில் பேசுவார்கள்.

கோலா பாட்டிலில் மிட்டாய் போடுவதைப் பற்றி அதிகம் சொல்லப் போவதில்லை, எல்லாருக்கும் தெரியும், வீணாகிறது. பெட்டிக்கடையில் எலுமிச்சை சோடாவில் உப்புப் போட்டதும் குபீரென்று பொங்குகிறதே, அதுவும் அதேதான். அங்கே புதிதாக எந்த வாயுவும் உண்டாகவில்லை, ஏற்கெனவே அழுத்திக் கரைத்து வைத்த கரியமில வாயு உப்புப் பரல்களின் சொரசொரப்பில் குமிழ் கட்ட இடம் கிடைத்து வெளியே ஓடி வருகிறது. சோடாவில் வாயு இருக்கிறது, நல்ல தோல் இல்லை, அதனால்தான் அந்த நுரை நிற்பதில்லை.

நுரை வரவில்லையென்றால்

பெரும்பாலும் பழைய சரக்குதான் காரணம். திறந்து நாளான பெராக்சைடு மெல்ல மெல்ல வெறும் தண்ணீராகிவிடும், வெளிச்சம் பட்டால் இன்னும் வேகமாக. ஈஸ்ட் பாக்கெட்டைப் பிரித்து வெளியே வைத்திருந்தாலும் வீரியம் போயிருக்கும், மூடி ஃபிரிஜ்ஜில் வையுங்கள். சோடா கட்டி கட்டியாக இருந்தால் நசுக்கிப் போடுங்கள். நுரை வருகிறது, ஆனால் தண்ணீராக வழிகிறது என்றால் லிக்விட் போதவில்லை. லிக்விடை ரொம்பக் கூட்டினால் கெட்டிப்பட்டு ஏறத் திணறும், எவ்வளவு சரி என்று பிள்ளைகளே ரப்பர் பேண்டை வைத்துக் கண்டுபிடிக்கட்டும்.

சேர்க்கவே கூடாதவை

வீட்டில் இருக்கிறதே என்று எதையும் எதோடும் கலக்க விடாதீர்கள். பிளீச்சிங் பவுடரோ திரவ பிளீச்சோ வினிகரோடும் கழிவறை அமிலத்தோடும் சேர்ந்தால் குளோரின் வாயு வரும், அது நுரையீரலைத் தாக்கும். பெராக்சைடையும் வினிகரையும் ஒன்றாகக் கலக்க வேண்டாம், தோலையும் கண்ணையும் அரிக்கிற இன்னொரு அமிலம் உண்டாகும், அதனால் ஒரு சோதனை முடிந்து அடுத்ததற்குப் போகும் முன் பாத்திரத்தைக் கழுவிவிடுங்கள். சுண்ணாம்பைத் தொடவே வேண்டாம், கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து. பெராக்சைடு தோலில் பட்டால் வெள்ளையாகத் திட்டு விழுந்து குறுகுறுக்கும், உடனே நிறையத் தண்ணீரில் கழுவினால் திட்டு கொஞ்ச நேரத்தில் போய்விடும். எது கண்ணில் பட்டாலும் ஓடுகிற தண்ணீரில் பதினைந்து நிமிஷம் கழுவிவிட்டு மருத்துவரிடம் போங்கள்.

மீந்த பெராக்சைடை அதன் பாட்டிலிலேயே இருட்டான இடத்தில், பிள்ளைகளுக்கு எட்டாத உயரத்தில் வையுங்கள், ஈஸ்ட் பட்டதைத் திரும்ப அந்தப் பாட்டிலில் ஊற்றவே கூடாது. மற்ற நுரை எல்லாவற்றையும் நிறையத் தண்ணீர் விட்டுச் சாக்கடையில் கழுவிவிடலாம். படிகார நுரை இருக்கிற தட்டை மட்டும் கழுவாமல் மாடி ஓரத்தில் ராத்திரி முழுக்க விட்டுவைத்து, காலையில் பிள்ளைகளை எழுப்பிக் கூட்டிப்போய்க் காட்டுங்கள். வாயு எல்லாம் போயிருக்கும், தட்டில் வெள்ளையாக மெல்லிய பொருக்கு ஒட்டியிருக்கும், நகத்தால் சுரண்டினால் தூளாக வரும். அதைப் பார்த்துவிட்டுக் கழுவலாம்.